வெளிச்சக்காரர்கள் – 11: ஜன்னலை நம்பிய கேமரா

பரதனின் முதல் படம், மலையாளத்தில் வந்த 'பிரயாணம்' (1975). ஜெ. மகேந்திரனின் முதல் படம் 'முள்ளும் மலரும்' (1978). மணிரத்னத்தின் முதல் படம், கன்னடத்தில் வந்த 'பல்லவி அனுபல்லவி' (1983). மொழி வேறு, ஆள் வேறு, ருசி வேறு. டைட்டிலில் 'ஒளிப்பதிவு' என்று போட்ட இடத்தில் மட்டும் மூன்றிலும் ஒரே பெயர்: பாலு மகேந்திரா.

முதல் படம் எடுக்கிறவருக்குப் பெரிய கேமராமேன் என்றாலே உள்ளூர ஒரு நடுக்கம் இருக்கும். "ஷாட் அப்படி வைக்க முடியாது தம்பி" என்று அவர் ஒரு வார்த்தை சொன்னால், அன்றோடு யூனிட்டின் மரியாதை போய்விடும். அப்படியிருக்க, புதியவர்கள் பாலு மகேந்திராவைத் தேடிப் போனார்கள். அவர் செட்டில் சாந்தமாக இருப்பார் என்பதால் மட்டும் போனதில்லை. அவர் கேமரா வைத்தால் ஒரு வசனத்தைக் குறைக்கலாம், ஒரு செட்டைக் குறைக்கலாம், ஒரு லாரி லைட்டைக் குறைக்கலாம் என்று அவர்களுக்குத் தெரிந்திருந்தது. குறைக்கத் தெரிந்த அந்த மனிதரின் கதைதான் இந்த வாரம்.

இலங்கையில் மட்டக்களப்பை ஒட்டிய அமிர்தகழியில் பிறந்தவர். அப்பா ஆசிரியர். டேவிட் லீன் 'தி பிரிட்ஜ் ஆன் த ரிவர் க்வாய்' (1957) படத்தை இலங்கையில் எடுத்துக்கொண்டிருந்தபோது, பள்ளிச் சுற்றுலாவில் போன பையன் படப்பிடிப்பைப் பார்த்தான். லீன் "ரெயின்!" என்று கத்தினார், மழை கொட்டியது. வானத்துக்கே உத்தரவு போடுகிற ஆளா என்று பையன் வாய்பிளந்து நின்றான். பிற்காலத்தில் எத்தனையோ மேடைகளிலும் பேட்டிகளிலும் அவர் இதைச் சொல்லியிருக்கிறார். சொல்லிச் சொல்லி மெருகேறிய கதையாகவே இருக்கட்டும். ஆனால் இதில் ஒரு வேடிக்கை உண்டு. மழையை வரவழைக்கிற அதிகாரத்தைப் பார்த்து சினிமாவுக்கு வந்தவர், வந்த பிறகு இயற்கை கொடுத்ததை வாங்கிக்கொள்கிற ஆளாகத்தான் ஆனார்.

கொழும்பில் நில அளவைத் துறையில் வரைபடக்காரர் வேலை. 'தேனருவி' என்று ஓர் இலக்கியப் பத்திரிகை. பிறகு 1966-இல் புனே திரைப்படக் கல்லூரி. வேறு பிரிவில் இடம் கிடைக்காமல்தான் ஒளிப்பதிவில் சேர்ந்தார். 1969-இல் தங்கப் பதக்கத்தோடு வெளியே வந்தார்.

அந்தக் கையோடு அவரைக் கூப்பிட்டவர் ராமு காரியாத். 'செம்மீன்' எடுத்தவர். 'செம்மீன்' படத்துக்கு அவர் வைத்துக்கொண்ட கேமராமேன் மார்கஸ் பார்ட்லி, தென்னிந்திய ஸ்டூடியோக்களின் சக்கரவர்த்தி. 'மாயாபஜார்' (1957) படத்து நிலவொளி அவர் கைவண்ணம். அப்படிப்பட்டவரோடு வேலை செய்த காரியாத், பிறகு வயநாட்டுக் காட்டில் 'நெல்லு' எடுக்கப் போகும்போது டிப்ளமோ படம் ஒன்றை மட்டும் கையில் வைத்திருந்த இலங்கைத் தமிழரை நம்பினார். பி. வத்சலாவின் நாவல், நெல்வயல், ஆதிவாசிக் குடிசை, மழை. படம் 1974-இல் வந்தது. ஒளிப்பதிவுக்குக் கேரள அரசு விருது. அதன் பிறகு மலையாளத்தில் வேலைக்குப் பஞ்சமில்லை. சேதுமாதவனின் 'சட்டக்காரி'யும் 'சுவந்ந சந்த்யகள்'ளும் அந்தக் காலத்தவை.

பார்ட்லி தலைமுறை ஏன் அத்தனை லைட் போட்டது? அதைக் கேலி செய்வது இப்போது சுலபம். கதாநாயகியின் முகத்துக்கு நேரே கீ லைட், பக்கத்து நிழலைக் கரைக்க பில் லைட், கொண்டைக்குப் பின்னாலிருந்து ஒளிவட்டம் கட்ட பேக் லைட். ராத்திரி கும்மிருட்டில் குடிசைக்குள் அழுகிற அம்மாவுக்கும் இதே ஏற்பாடு. ஆனால் அதற்கு ஒரு காரணம் இருந்தது. படம் மவுண்ட் ரோடு தியேட்டரோடு முடிந்துவிடுவதில்லை. காஞ்சிபுரத்தில் ஓடி, செங்கல்பட்டில் ஓடி, கடைசியில் உத்திரமேரூர் வட்டாரத்து டூரிங் கொட்டகைக்கு வரும். அதற்குள் பிரிண்ட் முழுக்கக் கீறல் விழுந்திருக்கும். கார்பன் குச்சி எரிந்து வருகிற வெளிச்சத்தில் படம் ஓட வேண்டும், கொட்டகையின் பக்கவாட்டில் சந்திரனும் எட்டிப் பார்க்கும். தரை டிக்கெட்டில் மணலைக் குவித்து உட்கார்ந்திருப்பவருக்கு எம்.ஜி.ஆர். முகம் தெரிய வேண்டாமா? பளிச்சென்று லைட் போட்டவர்கள் அந்த ரசிகனுக்கும் சேர்த்துத்தான் போட்டார்கள். அதில் நியாயம் இருந்தது. பழக்கமாகிப்போனதில்தான் கோளாறு.

நேர்வெளிச்சம் என்ன கெடுதல் செய்யும் என்று பார்க்க வேண்டுமானால் உத்திரமேரூர் வைகுந்தப் பெருமாள் கோயிலுக்கே போகலாம். பராந்தக சோழன் காலத்துக் குடவோலைக் கல்வெட்டின் முன்னால் நின்று, டார்ச்சை நேராகச் சுவர்மேல் அடித்தால் எழுத்தெல்லாம் கல்லோடு கல்லாக மங்கிவிடும். அதே டார்ச்சைச் சுவரை ஒட்டிப் பக்கவாட்டில் பிடித்தால், உளி போன ஒவ்வொரு தடத்திலும் நிழல் விழுந்து எழுத்து எழும்பி வரும். கல்வெட்டு படிக்கிறவர்களுக்கு இது பழக்கமான வித்தை. மனித முகத்துக்கும் இதே விதிதான். கன்னத்துக் குழி, கண்ணடிச் சுருக்கம், உதட்டோரத்து இறுக்கம் எல்லாம் பக்கவாட்டு வெளிச்சத்தில்தான் பேசும். பாலு மகேந்திராவின் நாயகிகள் மேக்கப் இல்லாமலே அழகாகத் தெரிந்த ரகசியத்தில் பாதி இதுதான். மீதிப் பாதி, அவர் மாநிற முகங்களை விரும்பித் தேர்ந்தெடுத்தது.

சரி, பக்கவாட்டு வெளிச்சம் வீட்டுக்குள் எங்கிருந்து வரும்? ஜன்னலிலிருந்து. அங்கேதான் சிக்கல். 1970-களில் இங்கே புழங்கிய கலர் பிலிமின் வேகம் ஏஎஸ்ஏ 100 அளவில்தான். லென்ஸை 2.8 வரை திறந்து வைத்தாலும் ஏறத்தாழ 1,000 லக்ஸ் வெளிச்சம் கேட்கும். ராத்திரி டியூப்லைட் எரிகிற கூடத்தில் 100, 150 லக்ஸ் இருந்தாலே பெரிது. பகலில் ஜன்னலை ஒட்டி நின்றால் தாராளமாகக் கிடைக்கும். பத்தடி உள்ளே தள்ளிப்போனால் சரிந்துவிடும். ஆக, ஜன்னல் வெளிச்சத்தில் படம் எடுப்பேன் என்று ஒருவர் முடிவு செய்தால், நடிகர் எங்கே உட்கார வேண்டும், எந்த மணிக்கு அந்தக் காட்சியை எடுக்க வேண்டும், லென்ஸ் எது என்பதெல்லாம் அந்த முடிவோடு சேர்ந்தே தீர்ந்துவிடுகிறது. லென்ஸை முழுக்கத் திறந்தால் போகஸ் கிடைக்கிற ஆழம் குறையும். போகஸ் பிடிக்கிற உதவியாளர் டேப்பும் கையுமாக அளந்துகொண்டே இருக்க வேண்டும். "லைட் போடாமல் எடுக்கிறார், அவருக்கென்ன சுலபம்" என்று பேசியவர்கள் இந்தத் தலைவலியைக் கணக்கில் சேர்ப்பதில்லை.

இந்த வழியில் அவர் முதல் ஆள் இல்லை. சத்யஜித் ராயின் கேமராமேன் சுப்ரதா மித்ரா, 'அபராஜிதோ' (1956) படத்தில் காசி வீட்டின் முற்றத்தைக் கல்கத்தா ஸ்டூடியோவில் போட்ட செட்டில் எடுக்க வேண்டியிருந்தது. முற்றத்து வெளிச்சத்துக்கு ஒரு குணம் உண்டு. உத்திரமேரூரில் மிச்சமிருக்கும் முற்றம் வைத்த ஓட்டு வீடுகளில் பகல் வேளையில் உட்கார்ந்து பார்த்தவர்களுக்குத் தெரியும். வானத்திலிருந்து இறங்குகிற ஒளி தரையில் பட்டுச் சிதறி, தாழ்வாரத்தில் இருப்பவர் முகத்தில் நிழலே கட்டாமல் தடவினாற்போல விழும். ஸ்டூடியோ லைட்டை நேராக அடித்தால் அது வராது. மித்ரா செட்டுக்கு மேலே வெள்ளைத் துணியைக் கூரையாகக் கட்டி, லைட்டையெல்லாம் துணியை நோக்கித் திருப்பி, அதில் பட்டுத் திரும்பிய வெளிச்சத்தில் படம் எடுத்தார். 'பவுன்ஸ் லைட்' என்று இன்றைக்கு லைட்மேன்கள் தெர்மாகோலைத் தூக்கிக்கொண்டு ஓடுவதன் பூர்வீகத்தில் இந்த முற்றமும் உண்டு.

கடல் கடந்தும் ஒரு பங்காளி இருந்தார். செக் நாட்டு மிரோஸ்லாவ் ஒந்த்ரிசெக். 1934-இல் பிராகாவில் பிறந்து, பாராந்தோவ் ஸ்டூடியோவில் தொழில் படித்தவர். மிலோஷ் போர்மனின் 'லவ்ஸ் ஆப் எ ப்ளாண்ட்' (1965) படத்தில் தொழிற்சாலைப் பெண்களையும், நடன மண்டபத்தில் அசடு வழியும் சிப்பாய்களையும் பக்கத்து மேஜையிலிருந்து பார்ப்பதுபோல எடுத்தார். 1968-இல் இங்கிலாந்துக்குப் போய் லிண்ட்சே ஆண்டர்சனின் 'இஃப்' படத்துக்குக் கேமரா பிடித்தார். பள்ளிக்கூடத்துத் தேவாலயத்தில் ஒரு காட்சி. பெரிய பெரிய ஜன்னல்கள், நகர்ந்துகொண்டே போகிற சூரியன். கையிலிருக்கிற பணத்துக்கும் லைட்டுக்கும் கலர் ஒரே சீராக வரும் என்று உத்தரவாதம் தர முடியாது என்று ஒந்த்ரிசெக் சொல்லிவிட்டார். அப்படியானால் கறுப்பு வெள்ளையிலேயே எடு என்றார் ஆண்டர்சன். எடுத்ததைப் பார்த்துப் பிடித்துப்போய், படத்தில் வேறு சில இடங்களிலும் கறுப்பு வெள்ளையைக் கலந்தார். விமர்சகர்கள் அதற்கு என்னென்னவோ தத்துவ விளக்கம் எழுதினார்கள். படம் 1969-இல் கான் விழாவின் உயரிய பரிசை வாங்கியது. காரணம் காசுதான் என்று தெரிந்த பிறகும் அந்தக் காட்சிகளின் அழகு குறையவில்லை.

ஒந்த்ரிசெக் பிறகு போர்மனோடு அமெரிக்கா போய் 'ஹேர்', 'ராக்டைம்', 'அமெடியஸ்' (1984) என்று வளர்ந்தார். 'அமெடியஸ்' படத்துக்காகச் சொந்த ஊர் பிராகாவுக்கே திரும்பி வந்து, 1787-இல் மோட்சார்ட்டின் 'டான் ஜொவானி' முதன்முதலாக அரங்கேறிய அதே நாடக அரங்கில் மெழுகுவத்தி வெளிச்சத்தோடு படம் எடுத்தார். ஆஸ்கருக்கு இரண்டு முறை பரிந்துரை. ஆனால் புகழ் வந்தபிறகும் அடுத்தவர் படத்துக்குக் கேமரா பிடிப்பவராகவே இருந்தார். பாலு மகேந்திரா பிரிந்துபோகிற இடம் அது. இவருக்கு அடுத்தவர் கதை போதவில்லை.

1977-இல் 'கோகிலா'வைக் கன்னடத்தில் தானே இயக்கினார். கமல்ஹாசனும் ஷோபாவும் நடித்தார்கள். ஒளிப்பதிவுக்குத் தேசிய விருது. கன்னடப் படம் சென்னையில் நூறு நாளைத் தாண்டி ஓடியது என்றால் இன்றைக்கு நம்புவது கடினம்.

அடுத்து மகேந்திரன் வந்தார். 'முள்ளும் மலரும்' எடுக்கத் தயாரிப்பாளர் கிடைத்துவிட்டார், ரஜினிகாந்த் கிடைத்துவிட்டார், தான் நினைக்கிறதைப் பிடித்துத் தருகிற கேமராமேன் கிடைக்கவில்லை. கமல்ஹாசன்தான் பாலு மகேந்திராவை அறிமுகம் செய்து வைத்தார். விஞ்ச் ஓட்டுகிற காளி, தங்கை வள்ளி, மலை ஊர், மின் நிலையம். வசனகர்த்தாவாகப் பேர் வாங்கிய மகேந்திரன் எடுக்கிற படத்தில் வசனம் பொறி பறக்கும் என்று எதிர்பார்த்த தயாரிப்பாளர், முதல் பிரதியைப் பார்த்து ஆடிப்போனார் என்று மகேந்திரன் பின்னாளில் சொன்னார். மலையில் தவழ்கிற மேகமும், காளியின் முகமும், நீளமான மௌனமும் அங்கே வசனத்தின் வேலையைச் செய்துகொண்டிருந்தன. அதற்கு முந்தின வருஷம்தான் '16 வயதினிலே' படத்தில் பாரதிராஜாவும் நிவாஸும் கேமராவை ஸ்டூடியோ கேட்டுக்கு வெளியே தூக்கிக்கொண்டு போயிருந்தார்கள். வெளியே வந்த கேமராவை வீட்டுக்குள்ளும் இயல்பாக உட்கார வைத்தது பாலு மகேந்திராவின் பங்கு என்று சொல்லலாம்.

'அழியாத கோலங்கள்' (1979) தமிழில் அவர் முதலில் இயக்கியது. மூன்று பையன்களின் விடலைப் பருவம், மட்டக்களப்பு நினைவுகளின் சாயல். 'மூடுபனி' (1980) இளையராஜாவுக்கு நூறாவது படம். அதிலிருந்து அவர் இயக்கிய சினிமாப் படங்களில் ஏறக்குறைய எல்லாவற்றுக்கும் இளையராஜாதான். இடையில் கே. விஸ்வநாத்தின் 'சங்கராபரணம்' படத்துக்கும் கேமரா பிடித்தார்.

'மூடுபனி' வெளிவருவதற்கு முன்பே, 1980 மே மாதம், ஷோபா தற்கொலை செய்துகொண்டார். 'பசி' படத்துக்காகத் தேசிய விருது வாங்கியவர். வயது பதினேழு. ஏற்கெனவே குடும்பம் இருந்த பாலு மகேந்திரா அவரை மணந்திருந்தார். பிற்பாடு 'ஷோபாவும் நானும்' என்று குமுதத்தில் அவரே எழுதினார். அவர் படங்களின் மென்மையைப் பற்றிப் பேசுகிறவர்கள் இந்த அத்தியாயத்தைத் தாண்டிப் போய்விடுவது வழக்கம். பதினேழு வயதுப் பெண்ணின் சாவை அப்படித் தாண்டிவிடக் கூடாது.

'மூன்றாம் பிறை' (1982) வந்தபோது அதில் ஷோபாவின் சாயலைப் பலரும் தேடினார்கள், அவரும் மறுக்கவில்லை. ஊட்டி மலையின் மூட்டம், ஸ்ரீதேவியின் முகம், கேத்தி ரயில் நிலையத்தில் கொட்டும் மழை. ஓடுகிற ரயிலுக்குப் பக்கத்தில் கமல் தலையில் பானையை வைத்துக்கொண்டு குரங்காட்டம் ஆடுகிற அந்தக் கடைசிக் காட்சியில் வானம் சாம்பல் நிறம், பிளாட்பாரம் சேறு, எங்குமே பளபளப்பு இல்லை. வெயில் அடித்திருந்தால் அது வேறு படம். ஒளிப்பதிவுக்கு இவருக்கும் நடிப்புக்குக் கமலுக்கும் தேசிய விருது. அடுத்த வருஷம் இந்தியில் 'சத்மா'.

வியாபாரப் படம் உங்களுக்கு எடுக்க வராது என்று சொன்னவர்களுக்காக, சண்டை, குத்துப்பாட்டு எல்லாம் போட்டு 1984-இல் ஒரு படம் எடுத்து, அதற்கு 'நீங்கள் கேட்டவை' என்றே பெயர் வைத்தார். கோபத்தில் எடுத்த படம். அதற்குரிய அளவுக்குத்தான் நன்றாக இருந்தது.

பிறகு வந்தது 'வீடு'. 1987-க்கான தேசிய விருதுகளில் சிறந்த தமிழ்ப் படம், அர்ச்சனாவுக்குச் சிறந்த நடிகை விருது. வாடகை வீட்டைக் காலி செய்யச் சொல்கிறார்கள். தாத்தாவையும் தங்கையையும் வைத்துக்கொண்டு, ஆபீஸ் சம்பளத்தில் சுதா என்ற பெண் ஒரு வீடு கட்டப் புறப்படுகிறாள். லோன், பிளான் அப்ரூவல், கான்ட்ராக்டர், சிமென்ட் மூட்டை திருட்டு, மறுபடி பணத் தட்டுப்பாடு. கடைசியில், இந்த மனை எப்போதோ அரசாங்கம் எடுத்துக்கொண்ட இடம் என்று மெட்ரோ வாட்டரிலிருந்து சொல்கிறார்கள். பாட்டே கிடையாது. பின்னணிக்கு இளையராஜாவின் 'ஹவ் டு நேம் இட்' இசைத்தட்டிலிருந்து எடுத்துக்கொண்டார்கள். தன் அம்மா வீடு கட்டப் பட்ட பாடுதான் கதைக்கு விதை என்று பாலு மகேந்திரா சொல்லியிருக்கிறார்.

சொக்கலிங்க பாகவதர் நடித்த தாத்தா, பாதி கட்டிய வீட்டைப் பார்க்கத் தனியாக வருகிறார். பூசாத செங்கல் சுவரைக் கையால் தடவுகிறார். ஒவ்வொரு அறையாக நுழைந்து நின்று பார்க்கிறார். இந்தக் காட்சிக்குக் கதாநாயகனும் தேவையில்லை, ஜெனரேட்டர் வண்டியும் தேவையில்லை. கட்டி முடியாத வீட்டுக்குள் பகல் வெளிச்சம் தானாக வந்து நிற்கிறது. செங்கல்லின் சொரசொரப்பும் கிழவரின் தோலும் ஒரே பக்கவாட்டு ஒளியில் தெரிகின்றன.

இயற்கை வெளிச்சம் அவருக்கு அழகு சார்ந்த விஷயம் என்றே எல்லாரும் எழுதுகிறார்கள். 'வீடு' பார்த்தால் அது பணம் சார்ந்த விஷயமும்தான் என்று புரியும். லைட் யூனிட், அதை இழுக்க ஆட்கள், ஜெனரேட்டர், டீசல், அதற்கேற்ற பெரிய வீடு என்று கூடிக்கொண்டே போகிற செலவை ஈடுகட்ட ஸ்டார் வேண்டும். ஸ்டார் வந்தால் பாட்டு வேண்டும், சண்டை வேண்டும். ஜன்னலோடு நிறுத்திக்கொண்டால் எண்பது வயதுக் கிழவரை நடுவில் வைத்துப் படம் எடுக்கலாம். அதே பாகவதரை வைத்து 1989-இல் 'சந்தியா ராகம்' எடுத்தார். அதற்கும் தேசிய விருது.

தொண்ணூறுகளில் 'வண்ண வண்ணப் பூக்கள்', 'மறுபடியும்', 'சதி லீலாவதி' என்று வண்டி ஓடியது. பிறகு சன் டி.வி.யில் 'கதை நேரம்'. தமிழ்ச் சிறுகதைகளை எடுத்து, ஒவ்வொன்றையும் ஒரு குறும்படமாக, ஐம்பதுக்கு மேல் செய்தார். அவரிடம் உதவியாளராகச் சேர்ந்தவர்களுக்குக் கேமராவைத் தொடுவதற்கு முன்னால் கதை படிக்கிற வேலை இருந்ததாகச் சீடர்கள் சொல்வார்கள். படித்துச் சுருக்கம் எழுதிக் காட்ட வேண்டும். பாலா, வெற்றிமாறன், ராம், சீனு ராமசாமி எல்லாரும் அந்த வாசலில் நின்றவர்கள். காஞ்சிபுரத்தை அடுத்த கன்னிகாபுரத்திலிருந்து இயக்குநராகிற ஆசையோடு போன நா. முத்துக்குமாரும் அங்கேதான் நாலு வருஷம் உதவியாளராக இருந்தார். பின்னால் பாட்டு எழுதப் போய்விட்டார். அவர் பாட்டில் ஒரு வீட்டு வாசலோ பேருந்து ஜன்னலோ சட்டென்று கண்ணுக்குத் தெரிவதற்கு அந்த நாலு வருஷமும் ஒரு காரணமாக இருக்கலாம்.

2007-இல் 'சினிமா பட்டறை' என்று பள்ளிக்கூடமே தொடங்கினார். 2013-இல் 'தலைமுறைகள்'. சசிகுமார் தயாரித்தார். பிலிமை விட்டுவிட்டு டிஜிட்டல் கேமராவில் எடுத்த படம், முதன்முறையாக அவரே நடித்த படம். 2014 பிப்ரவரி 13 அன்று காலமானார். ஏப்ரலில் தேசிய விருதுகள் அறிவிக்கப்பட்டன. தேசிய ஒருமைப்பாட்டுக்கான விருது 'தலைமுறைகள்' படத்துக்கு. சிறந்த தமிழ்ப் படம் ராமின் 'தங்க மீன்கள்'. அதே படத்துப் பாட்டுக்காக நா. முத்துக்குமாருக்கும் விருது. ஆசிரியரும் இரண்டு மாணவர்களும் ஒரே பட்டியலில் இருந்தார்கள்.

கடைசிக் காலத்தில் அவர் மேடை கிடைத்த இடத்திலெல்லாம் ஒன்றைக் கேட்டார். தமிழ் சினிமாவுக்கென்று ஓர் ஆவணக் காப்பகம் வேண்டும். தான் எடுத்த சில படங்களின் நெகட்டிவே இன்றைக்கு இல்லை என்று வருத்தத்தோடு சொன்னார். செக் நாட்டில் ஒந்த்ரிசெக்கின் 'தி பயர்மென்ஸ் பால்' (1967) படத்தை 2012-இல் டிஜிட்டலில் மீட்டெடுத்து கார்லோவி வாரி விழாவில் போட்டார்கள், அவர் உயிரோடு இருக்கும்போதே. இங்கே 'வீடு' பார்க்க வேண்டுமென்றால் டி.வி.யில் ஒளிபரப்பானதைப் பிடித்து யூடியூபில் ஏற்றிய மங்கல் பிரதிதான் பலருக்கும் கிடைக்கிறது. அதில் நிழலெல்லாம் ஒரே கறுப்பாகக் குழம்பிக் கிடக்கும், ஜன்னல் வெறும் வெள்ளைக் கட்டமாக எரியும். இரண்டுக்கும் நடுவில் அவர் வைத்த படிகள் அந்தப் பிரதியில் இல்லை. ஒளிப்பதிவு படிக்கிற பிள்ளைகள் அதைப் பார்த்துத்தான் குறிப்பெடுத்துக்கொண்டிருக்கிறார்கள்.

(தொடரும்)